மேல்மண் போன நிலத்தில் சவுக்கு

ஒரகடம் அருகே ஒரு வாசகரின் ஒரு ஏக்கர், தொழிற்சாலை மனையை மேடாக்க மேல்மண்ணை விற்ற நிலம். சவுக்கு நட டி.ஏ.பி.யைக் கூட்டினால் போதுமா என்று கேட்கிறார்.

போதாது. மண் விற்ற காசோடு, வேருக்கு மணிச்சத்தைத் தேடித் தரும் ‘வேம்’ எனும் வேர் உட்பூசணமும் போய்விட்டது. பெரும்பாலும் மேல் அரையடியில் வாழும் அது, உயிருள்ள வேரில்லாமல் பெருகாது. டி.ஏ.பி. மிஞ்சினால் வேரே அதை ஒதுக்கும்.

தொழுவுரமிட்டு, மழைக்குக் கம்பும் தட்டைப்பயறும் விதைக்கலாம். கடுகு வேண்டாம், அதன் வேரில் வேம் சேராது. பூக்கும்போது அறுத்து மூடாக்காகப் போட்டு, உழாமல் குழி எடுக்கலாம். கோவை வேளாண் பல்கலைக்கழகப் பரிந்துரைப்படி நாற்றுப் பைக்கு 5 முதல் 10 கிராம், நடவில் கன்றுக்கு 20 கிராம் வேம். வேரில் படும்படி இட வேண்டும். மேலே தூவினால் வீண்.