முதலில் நூலகம், பிறகு கடை

டிசம்பர் மாதப் பள்ளி விடுமுறை. இரவு உணவுக்குப் பிறகு உயர்நிலை மூன்றில் படிக்கும் மாணவன் ஒருவன் கணினிமுன் அமர்ந்திருக்கிறான். இணையக் கடையில் ஆண்டிறுதி மலிவு விற்பனை நடைபெறுகிறது. முப்பது வெள்ளி விலையுள்ள புதிர் விளையாட்டு ஒன்று ஏழரை வெள்ளிக்குக் கிடைக்கிறது. இன்னும் சில மணி நேரத்தில் விற்பனை முடிந்துவிடும். தீபாவளிக்குக் கிடைத்த அன்பளிப்புப் பணத்தில் மீதமிருந்ததைக் கொண்டு அதை வாங்கிவிடுகிறான்.

மறுநாள் காலை அவனுடைய அக்காள் திரையை எட்டிப் பார்க்கிறாள். "தம்பி, சென்ற ஆண்டு வேறொரு கடையில் இதை இலவசமாகக் கொடுத்தார்களே! நாம் இருவரும் சேர்ந்துதானே எடுத்து வைத்தோம்?" என்று கேட்கிறாள். அவன் தேடிப் பார்க்கிறான். அக்காள் சொன்னது உண்மைதான். அந்த விளையாட்டு ஒருமுறைகூடத் திறக்கப்படாமல் அங்கேயே இருக்கிறது.

இந்த மாணவன் கற்பனைப் பாத்திரம். ஆனால், கணினி விளையாட்டில் ஆர்வமுள்ள இளையர் பலருக்கு அவன் அந்நியன் அல்லன். இளையர்களையும் கணினி விளையாட்டையும் பற்றிப் பேசும்போது, பெரியவர்கள் பெரும்பாலும் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறார்கள்: "எத்தனை மணி நேரம் விளையாடுகிறாய்?" அது தேவையான கேள்விதான். ஆயினும், அதற்கு இணையான இன்னொரு கேள்வியும் உண்டு: "உன்னிடம் என்னென்ன விளையாட்டுகள் இருக்கின்றன என்று உனக்குத் தெரியுமா?" இதற்குப் பதில் சொல்ல முடியாதவர், அடுத்த விளையாட்டை வாங்குவதற்குமுன் தம்மிடம் இருப்பதை ஒழுங்குபடுத்த வேண்டும்.

முன்பு இத்தகைய மறதிக்கு இடமில்லை. சிம் லிம் ஸ்குவேர், ஃபுனான் போன்ற கடைத்தொகுதிகளில் கணினி விளையாட்டுகள் அட்டைப் பெட்டிகளில் விற்கப்பட்ட காலம் அது. வாங்கிய பெட்டி வீட்டு அலமாரியில் கண்முன் நிற்கும். அலமாரி நிறைந்துவிட்டால் பையிலிருந்து பணத்தை எடுக்குமுன் கை தயங்கும். பிரிக்காத பெட்டியைப் பார்த்தால் அம்மாவும் சும்மா இருக்கமாட்டார். அந்த அலமாரி ஒரு கணக்குப் புத்தகம்போல் செயல்பட்டது.

அமெரிக்காவின் வால்வ் நிறுவனம் 2003ஆம் ஆண்டு செப்டம்பரில் 'ஸ்டீம்' என்னும் சேவையைத் தொடங்கியது. அது காலப்போக்கில் பிற நிறுவனங்களின் விளையாட்டுகளையும் விற்கும் பெரிய இணையக் கடையாக வளர்ந்தது. போலந்தில் உருவான 'ஜிஓஜி' 2008ஆம் ஆண்டில் வந்தது. 2018ஆம் ஆண்டு டிசம்பரில் 'எபிக் கேம்ஸ் ஸ்டோர்' திறக்கப்பட்டது. அது இலவச விளையாட்டுகளை அடிக்கடி வழங்கிப் பயனர்களை ஈர்த்தது. இவற்றைத் தவிர, விளையாட்டு நிறுவனங்கள் சில தங்களுக்கென்று தனிக் கடைகளையும் நடத்துகின்றன. இவற்றால் நன்மை இல்லாமல் இல்லை. விலை குறைந்தது, வீட்டிலிருந்தே வாங்க முடிந்தது, புதிய கணினிக்கு மாறினாலும் விளையாட்டை மீண்டும் பதிவிறக்கம் செய்துகொள்ள முடிகிறது. ஆனால், ஒரே அலமாரியில் இருந்த பெட்டிகள் கண்ணுக்குத் தெரியாத நான்கைந்து அலமாரிகளில் சிதறிப்போயின.

கண்ணுக்குத் தெரியாதது கருத்திலும் நிற்பதில்லை. இணையக் கடைகளின் முகப்பில் பெரிதாகத் தோன்றுவது, வாங்கி வைத்த பழைய விளையாட்டு அன்று. இனி வாங்க வேண்டிய புதிய விளையாட்டு. தள்ளுபடி விழுக்காடும், முடியப்போகும் நேரமும் பளிச்சென்று காட்டப்படுகின்றன. கடை அப்படித்தான் இருக்கும். விற்பது அதன் தொழில். வாங்குபவர்தான் தம்மிடம் இருப்பதை நினைவில் வைத்திருக்க வேண்டும். நினைவு தவறும் என்பதால்தான் ஒழுங்கு தேவைப்படுகிறது.

முதல் வேலை, இருப்பதைக் கண்டுபிடிப்பது. எந்தெந்தக் கடைகளில் கணக்கு இருக்கிறது என்று ஒரு தாளில் எழுதிக்கொள்ளலாம். மறந்துபோன கணக்குகளை மின்னஞ்சலில் உள்ள பழைய ரசீதுகள் நினைவூட்டும். பிறகு ஒவ்வொரு கடையிலும் உள்ள 'நூலகம்' பகுதியைத் திறந்து பார்க்க வேண்டும். கணினியில் நிறுவப்பட்டவை மட்டுமே தம்மிடம் இருப்பவை என்று பலர் எண்ணிக்கொள்கிறார்கள். அது தவறு. நிறுவப்படாத விளையாட்டுகளும் நூலகப் பட்டியலில் காத்திருக்கும்.

சிதறிக் கிடப்பவற்றை ஒரே இடத்தில் காணவும் வழி உண்டு. வேறு இடத்தில் வாங்கிக் கணினியில் நிறுவிய விளையாட்டை ஸ்டீம் நூலகத்திலேயே சேர்த்துக்கொள்ள முடியும். 'ஜிஓஜி கேலக்சி', 'பிளேநைட்' போன்ற இலவச மென்பொருள்கள் பல கடைகளின் பட்டியல்களை ஒன்றாகத் தொகுத்துக் காட்டுகின்றன. இவற்றை அவற்றின் அதிகாரபூர்வத் தளத்திலிருந்து மட்டுமே பதிவிறக்கம் செய்ய வேண்டும். மென்பொருள் எதுவும் வேண்டாம் என்பவருக்கு ஓர் எளிய அட்டவணையே போதும். விளையாட்டின் பெயர், வாங்கிய கடை என்று இரண்டு பத்திகள் இருந்தால், மேலே கண்ட மாணவன் ஏழரை வெள்ளியைச் செலவழித்திருக்கமாட்டான்.

இரண்டாவது வேலை, வகைப்படுத்துவது. பெரும்பாலான நூலகங்கள் விளையாட்டுகளை அகர வரிசையில் அடுக்கிக் காட்டுகின்றன. பெயர் தெரிந்தவருக்கு அது உதவும். ஆனால், வெள்ளிக்கிழமை மாலை கணினிமுன் அமரும் ஒருவரின் மனத்தில் பெயர் இருப்பதில்லை. "அரை மணி நேரம்தான் இருக்கிறது, எதை விளையாடலாம்?" என்றோ, "தங்கையும் சேர்ந்து விளையாட வேண்டும், எது பொருந்தும்?" என்றோதான் அவர் யோசிக்கிறார். அந்தக் கேள்விகளுக்கு அகர வரிசை பதில் சொல்லாது.

இந்தச் சிக்கல் புதிதன்று. புத்தக நூலகங்கள் இதை முன்பே சந்தித்தன. கணித ஆசிரியராக இருந்து, 1924ஆம் ஆண்டில் சென்னைப் பல்கலைக்கழக நூலகரான எஸ். ஆர். ரங்கநாதன் இதற்கு ஒரு தீர்வு கண்டார். ஒரு நூலை ஒரே ஒரு தலைப்பின்கீழ் அடக்குவதற்குப் பதிலாக, அதன் பொருள், இடம், காலம் எனப் பல கூறுகளையும் பார்த்து அடையாளமிடும் முறையை அவர் உருவாக்கினார். 'கோலன் பகுப்பு முறை' எனப்படும் அது 1933ஆம் ஆண்டில் வெளிவந்தது. இன்று இணையக் கடைகளில் வகை, ஆட்டக்காரர்களின் எண்ணிக்கை, மொழி என்று பல கூறுகளைத் தேர்ந்தெடுத்துத் தேடுகிறோமே, அதற்குப் பின்னால் இருப்பதும் இதே சிந்தனைதான். ஒரு பொருளுக்குப் பல முகங்கள் உண்டு. எந்த முகத்தைக் கேட்டாலும் அது கையில் கிடைக்க வேண்டும்.

ஸ்டீம் நூலகத்தில் இத்தகைய தொகுப்புகளைப் பயனரே உருவாக்கலாம். ஒரே விளையாட்டைப் பல தொகுப்புகளில் வைக்கலாம். 'போர்ட்டல் 2' என்னும் புதிர் விளையாட்டு, 'தனியாக' என்ற தொகுப்பிலும் இருக்கலாம்; 'இருவர் சேர்ந்து' என்ற தொகுப்பிலும் இருக்கலாம். அடையாளச் சொற்களைத் தேர்ந்தெடுத்துக் கொடுத்தால், அவற்றுக்குப் பொருந்தும் விளையாட்டுகள் தாமாகவே வந்து சேரும் தொகுப்புகளும் உண்டு. 2019ஆம் ஆண்டில் நூலகம் புதுப்பிக்கப்பட்டபோது இந்த வசதி வந்தது.

விளையாட்டின் அளவையும் கவனிக்க வேண்டும். 'ஸ்டார்டியூ வேலி' என்னும் பண்ணை விளையாட்டுக்கு 500 மெகாபைட் இடம் போதும். 2020ஆம் ஆண்டில் வெளிவந்த 'மைக்ரோசாஃப்ட் ஃபிளைட் சிமுலேட்டர்' விமான விளையாட்டோ 150 ஜிகாபைட் இடம் கேட்கும். ஒன்றின் இடத்தில் மற்றொன்றைப் போல ஏறத்தாழ முந்நூறு அடங்கும்! பள்ளிப் பாடங்களுக்கும் பயன்படும் கணினி என்றால், எதை வைத்துக்கொள்வது, எதை நீக்குவது என்று முடிவெடுத்தே ஆக வேண்டும். நீக்கினாலும் விளையாட்டு நூலகத்தில் இருக்கும். தேவைப்படும்போது மீண்டும் நிறுவலாம். ஆனால், எல்லா விளையாட்டுகளும் ஆட்டத்தின் முன்னேற்றத்தை இணையத்தில் சேமிப்பதில்லை. அதைச் சரிபார்த்துவிட்டு நீக்குவதே நல்லது.

"விளையாட்டு என்பது பொழுதுபோக்கு. அதற்கும் பட்டியல், வகைப்பாடு என்று வீட்டுப்பாடம் கொடுக்க வேண்டுமா? தேடும் பெட்டியில் பெயரைத் தட்டினால் வந்துவிடப் போகிறது" என்று சிலர் கேட்கலாம். தேடும் பெட்டி, நினைவில் இருப்பதை மட்டுமே தேடித் தரும். மறந்துபோனதை அதனிடம் கேட்க முடியாது. அந்த மாணவன் மறந்தது விளையாட்டு இருந்த இடத்தை அன்று. அது தன்னிடம் இருந்ததையே மறந்துவிட்டான்.

ஒழுங்குபடுத்துவதே ஒரு பொழுதுபோக்காகிவிடும் ஆபத்து உண்டு என்பது இன்னொரு வாதம். இதில் உண்மை இருக்கிறது. நாற்பது தொகுப்புகளை உருவாக்கி, ஒவ்வொன்றுக்கும் அழகான படம் தேடிக்கொண்டிருப்பவர், விளையாடவும் மாட்டார், படிக்கவும் மாட்டார். ஆகவே, தொகுப்புகள் குறைவாக இருக்கட்டும். இப்போது விளையாடுபவை, அடுத்து விளையாட வேண்டியவை, சேர்ந்து விளையாடுபவை, முடித்தவை, இனி வேண்டாதவை ஆகிய ஐந்தே பலருக்குப் போதும். விடுமுறையில் ஒரு மாலைப்பொழுதில் இதைச் செய்து முடித்துவிடலாம்.

இந்த ஐந்தில் மிகவும் கடினமானது கடைசித் தொகுப்பு. 'இனி வேண்டாதவை' என்று ஒன்றை ஒதுக்கும்போது, செலவழித்த பணம் வீணாயிற்று என்று ஒப்புக்கொள்ள வேண்டியிருக்கிறது. அந்தச் சிறு வலிதான் அடுத்த முறை கையைத் தடுக்கும். ஏன் வாங்கினோம், நண்பர்கள் சொன்னதாலா, தள்ளுபடியாலா, உண்மையான ஆர்வத்தாலா என்று எண்ணிப் பார்ப்பவர் தம்மைப் பற்றியே ஒன்றைக் கற்றுக்கொள்கிறார். பணத்தைக் கையாளும் பழக்கம் பெரியவரானபின் திடீரென்று வருவதில்லை. ஏழரை வெள்ளியில்தான் அது தொடங்குகிறது.

தம்மிடம் இருப்பதை அறிவதில் இன்னொரு பகுதியும் அடங்கும். இணையக் கடையில் பணம் கொடுத்துப் பெறுவது பெரும்பாலும் விளையாட்டை அன்று, அதைப் பயன்படுத்தும் உரிமத்தை மட்டுமே. 2014ஆம் ஆண்டில் வெளிவந்த 'தி குரூ' என்னும் கார்ப் பந்தய விளையாட்டு, இணையத் தொடர்பு இல்லாமல் இயங்காது. அதன் சேவையை யூபிசாஃப்ட் நிறுவனம் 2024ஆம் ஆண்டு மார்ச் 31ஆம் தேதி நிறுத்தியது. பணம் கொடுத்து வாங்கியவர்களாலும் அதன்பின் அதை விளையாட முடியவில்லை. மின்னிலக்கப் பொருள்களை விற்பவர்கள், வாங்குபவருக்குக் கிடைப்பது உரிமம்தான் என்பதைத் தெளிவாகச் சொல்ல வேண்டும் என்னும் சட்டம் 2025ஆம் ஆண்டு முதல் அமெரிக்காவின் கலிஃபோர்னியா மாநிலத்தில் நடப்பில் உள்ளது. ஜிஓஜி போன்ற கடைகளில் விளையாட்டின் நிறுவல் கோப்பைப் பதிவிறக்கம் செய்து வைத்துக்கொள்ளலாம். தம் நூலகத்தில் எது நிலைக்கும், எது நிலைக்காது என்று அறிந்தவர் கவனமாக வாங்குவார். முழு நூலகமும் ஒரே கடவுச்சொல்லை நம்பியிருப்பதால், ஈரடுக்குப் பாதுகாப்பையும் மறக்காமல் அமைத்துக்கொள்வார்.

இது ஒருவர் மட்டும் செய்ய வேண்டிய வேலையும் அன்று. ஸ்டீமின் குடும்ப வசதியில், ஒரே வீட்டைச் சேர்ந்த ஆறு பேர் வரை இணையலாம். பகிர அனுமதியுள்ள விளையாட்டுகளை ஒருவர் வாங்கியிருந்தால் மற்றவரும் விளையாடலாம். பிள்ளைகள் புதிதாக ஒன்றை வாங்க விரும்பினால், பெற்றோரிடம் அதன் வழியாகவே அனுமதி கேட்கலாம். எந்த விளையாட்டை ஏன் வாங்க வேண்டும் என்று ஒரு குடும்பம் பேசத் தொடங்கினால், "எத்தனை மணி நேரம்?" என்ற கேள்வியும் சண்டையாக முடியாமல் உரையாடலாக மாறக்கூடும்.

அந்த மாணவன் வாங்கிய விளையாட்டைத் திருப்பிக் கொடுக்க வாய்ப்பு உண்டு. ஸ்டீமில் வாங்கிய 14 நாள்களுக்குள், இரண்டு மணி நேரத்திற்கும் குறைவாக விளையாடியிருந்தால் பணத்தைத் திரும்பக் கேட்கலாம். ஏழரை வெள்ளி அவனுக்குத் திரும்பக் கிடைத்துவிடும். ஆனால், அன்று மாலை அவனும் அக்காளும் சேர்ந்து அமர்ந்து, இலவசமாக எடுத்துவைத்து மறந்துபோன அந்தப் புதிர் விளையாட்டை முதன்முறையாகத் திறந்து பார்த்தால், அதுவே பெரிய இலாபம். அடுத்த மலிவு விற்பனை வரத்தான் போகிறது. அப்போது அவன் கடையைத் திறப்பதற்குமுன் தன் நூலகத்தைத் திறந்து பார்க்கட்டும். அவன் தேடும் விளையாட்டு ஏற்கெனவே அங்கே காத்திருக்கலாம்.