காட்டுக்குப் போய் வந்த மயிலாப்பூர்க்காரர்

எழுத்தாளன் என்றால் காட்டிலோ மலையிலோ தனியாகப் போய் உட்கார வேண்டும், அப்போதுதான் எழுத்து வரும் என்று நம்மில் பலருக்கு ஒரு நினைப்பு. அது பாதிதான் சரி என்பது என் கட்சி. எனக்குச் சாட்சி, நம் எட்வர்ட் எலியட்ஸ் ரோடில் (இன்றைய ராதாகிருஷ்ணன் சாலை) வாழ்ந்த மா. கிருஷ்ணன்.

'பத்மாவதி சரித்திரம்' எழுதிய அ. மாதவையாவின் கடைசிப் பிள்ளை. 1912இல் பிறந்தவர். மாநிலக் கல்லூரியில் படித்து, சட்டமும் முடித்து, 1942இல் பெல்லாரிப் பக்கம் சந்தூர் சமஸ்தானத்துக்கு வேலைக்குப் போனார். ஆசிரியர், நீதிபதி என்று அங்கே பல உத்தியோகங்கள். சுற்றிலும் குன்றும் காடும். 1949இல் சமஸ்தானம் இந்தியாவோடு சேர்ந்ததும் சென்னைக்குத் திரும்பினார். மாதச் சம்பளம் தேடாமல், பேனாவையும் கேமராவையும் நம்பி வாழத் துணிந்தார்.

1950இல் கல்கத்தா 'ஸ்டேட்ஸ்மன்' பத்திரிகையில் இயற்கை பற்றி எழுதத் தொடங்கினார். இரு வாரத்துக்கு ஒரு கட்டுரை, 46 வருஷம். கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்! 1996 பிப்ரவரி 18 அன்று காலமானார். கடைசிக் கட்டுரை வெளிவந்ததும் அன்றுதான்.

காடு அவருக்குக் காத்திருக்கக் கற்றுக்கொடுத்தது. யானைக்கூட்டம் நம் சௌகரியத்துக்கு வந்து நிற்காது. மணிக்கணக்கில் பேசாமல் உட்கார்ந்து பார்க்கப் பழகியவருக்கு, ஊர் திரும்பிய பிறகு காக்கையும் அணிலும்கூட விஷயமாயின. ஆனால் பார்த்ததை எழுத்தாக்கியது காடு இல்லை. வீட்டு மேஜையும், தபாலில் சேர்க்க வேண்டிய கெடுவும்தான்.

இதை ஏன் சொல்கிறேன்? நம் வயதில் தனிமைக்குப் பஞ்சமில்லை. பிள்ளைகள் வெளிநாட்டில், வீட்டில் இரண்டு பேர், சில வீடுகளில் ஒருவரே. அந்தத் தனிமை பெரும்பாலும் புலம்பலாகத்தான் முடிகிறது. காட்டில் தனியாக இருப்பவன் வெளியே பார்க்கிறான். நாமோ நம் முழங்கால் வலியையும் பழைய மனத்தாங்கல்களையுமே பார்த்துக்கொண்டிருக்கிறோம்.

முதுமலைக்குப் போக உடம்பு இடம் கொடுக்காவிட்டால் போகட்டும். கிண்டியில் காடு இருக்கிறது. அடையாறு முகத்துவாரம் இருக்கிறது. லஸ் பக்கம் நாகேஸ்வர ராவ் பூங்கா இருக்கிறது. அதுவும் முடியாதென்றால் மொட்டைமாடி. போனைப் பைக்குள் போட்டுவிட்டு அரைமணி நேரம் ஒரே இடத்தில் உட்காருங்கள். வீட்டுக்கு வந்ததும் பத்து வரி எழுதுங்கள். ஞாயிற்றுக்கிழமைக்குள் அதை ஒரு நண்பருக்கு அனுப்புவதாக வாக்கும் கொடுத்துவிடுங்கள்.

கிருஷ்ணனின் தமிழ்க் கட்டுரைகளைத் தியடோர் பாஸ்கரன் 'மழைக்காலமும் குயிலோசையும்' என்ற பெயரில் தொகுத்திருக்கிறார். முதலில் அதைப் படித்துவிட்டு ஆரம்பிக்கலாம்.