ஒரு வாய்க்கால் நிலத்துக்கு இரு தீர்ப்புகளா?

பொருநையாற்றின் ஒரே வாய்க்காலில் நீருண்ணும் ஒரே வயலின்மேல் உடன்பிறந்தார் இருவர் தனித்தனியே வழக்கிடுகின்றனர். ஒருவர் கேட்பது தடையாணை. மற்றவர் கேட்பது பங்கு. மதிப்பு வேறுபடுவதால் ஒன்றை உரிமையியல் நடுவரும் மற்றொன்றைச் சார்பு நடுவரும் தீர்க்கின்றனர். முன்னதன் மேன்முறையீடு அம்பையிலுள்ள சார்பு முறைமன்றத்துக்கும், பின்னதன் மேன்முறையீடு பாளையங்கோட்டையிலுள்ள மாவட்ட முறைமன்றத்துக்கும் போகின்றன. நிலம் ஒன்று, சான்றாவணம் ஒன்று, தீர்ப்போ இரண்டு! ஒன்றுக்கொன்று முரணானால் உழவன் எதற்குக் கட்டுப்படுவான்?

இடர் இதனோடு நிற்பதன்று. அலகாபாத்து உயர் முறைமன்றத்தில் தொடர்புடைய நான்கு மேன்முறையீடுகள் கிடந்தன. ஒன்று காலந்தாழ்ந்ததால் தள்ளப்பட்டது. இன்னொன்று ஆவணங்களை மொழிபெயர்த்து அச்சிட விண்ணப்பிக்காமையால் தள்ளப்பட்டது. அவ்விரண்டிலும் தீர்ப்பு முடிந்த முடிபாகிவிட்டமையால் எஞ்சிய இரண்டும் கேட்கத்தக்கன அல்ல என 1966இல் உச்ச முறைமன்றம் முடிவு கூறிற்று. மொழிபெயர்ப்பில் நேர்ந்த ஒரு தவறு, உடன்கிடந்த முறையீட்டின் உயிரையும் குடித்தது!

இதற்கு மருந்து சட்டத்திலேயே உள்ளது. 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம், 24ஆம் பிரிவின்படி, உயர் முறைமன்றமோ மாவட்ட முறைமன்றமோ தன்கீழுள்ள மன்றத்தினின்று மேன்முறையீட்டை எடுத்துத் தானே கேட்கலாம். தகுதியுடைய வேறு மன்றத்துக்கும் மாற்றலாம். வழக்காளி கேட்டும் செய்யலாம். கேளாமல் தானாகவும் செய்யலாம். எனினும் அப்படியொரு வழியுண்டென்பதை அறியாத உழவன் அதனை எவ்வாறு கேட்பான்?

மாவட்ட எல்லை குறுக்கிட்டால் தொல்லை மேலும் பெருகும். 1986இல் தூத்துக்குடி தனி மாவட்டமானபின், திருவைகுண்டத்து வயலும் அம்பை வயலும் ஒரே ஆற்றின் நீரை உண்டும் இரு மாவட்ட மன்றங்களுக்கு உரியவாயின. அவ்விடை நிகழும் மாற்றத்தை மாவட்ட நடுவர் செய்யவியலாது. உயர் முறைமன்றமே செய்யவேண்டும். 2004இல் மதுரைக் கிளை திறக்கப்படுமுன் நெல்லையார் இதற்காக அறுநூறு கிலோமீட்டர் கடந்து சென்னைக்குச் சென்றனர். வழித்தொலைவு குறைந்தது, மொழித்தொலைவு குறைந்ததா? கீழ்மன்றங்களில் தமிழ் வழங்க 1976ஆம் ஆண்டின் ஆட்சிமொழித் திருத்தச் சட்டம் வழிசெய்தது. மதுரையிலோ அதே பத்திரம் ஆங்கிலமாக்கப்பட்டாலன்றி வாய்திறவாது.

'சட்டத்துக்குரிய சொல் தமிழில் இல்லை' என்பார் உளர். அம்பையில் தடையாணைக்கும் பங்குக்கும் பயன்படும் சொல், மதுரையில் எங்ஙனம் இல்லாமற் போகும்? 'வேற்று மாநில நடுவர்க்குத் தமிழ் தெரியாதே' என்பார்க்கு விடை: மொழிபெயர்ப்பின் சுமை அரசின்மேல் இருக்கட்டும்; வழக்காளியின்மேல் ஏன்? இராசத்தான், உத்தரப்பிரதேசம், மத்தியப்பிரதேசம், பீகார் ஆகியவற்றின் உயர் முறைமன்றங்களில் அரசியலமைப்பின் 348ஆம் கூறுவழி இந்திக்கு இடமுண்டு. 2006இல் தமிழகச் சட்டமன்றம் அதே உரிமையைத் தமிழுக்குக் கேட்டுத் தீர்மானித்தது, இசைவு கிட்டவில்லை.

செய்யவேண்டுவன இரண்டு. மேன்முறையீடு பதியும்போதே, 'இந்நிலத்தின்மேல் வேறு வழக்கு உண்டா?' எனத் தமிழில் எழுதிக் கேட்கவேண்டும். உண்டெனில் மாவட்ட நடுவர் தாமாகவே ஒன்றுசேர்க்க வேண்டும். இதற்குப் புதுச்சட்டம் வேண்டுவதில்லை. மற்றொன்று, உயர் முறைமன்றத்தில் தமிழ் ஒலிக்கவேண்டும். தன் நிலம் எந்த மன்றத்தில், எதற்காக, எவ்வாறு தீர்க்கப்படுகிறது என்பதைத் தன் மொழியில் அறியாதவன், பட்டா கையிலிருந்தும் நிலமற்றவனே!