கரண்டிக்குக் குறுக்கே ஒரு கை

ஏப்ரல் 7 உலக சுகாதார நாள் வந்தாலும் வந்தது, தெருவுக்குத் தெரு பேனர். மாஸ்டர் ஹெல்த் செக்கப், இத்தனை சோதனை, இத்தனை சதவீதம் தள்ளுபடி, தம்பதியாக வந்தால் தனிச் சலுகை. அதில் எனக்கு வருத்தமில்லை. கடை விரித்தவர் கூவத்தான் செய்வார். எரிச்சல் மூட்டுவது மூலையில் உட்கார்ந்திருக்கும் வள்ளுவர். நோயற்ற வாழ்வைக் குறைவற்ற செல்வம் என்னும் பழமொழியை அவர் படத்துக்குக் கீழே போட்டு, பக்கத்தில் ‘திருக்குறள்’ என்றும் அச்சிட்டுவிடுகிறார்கள். 1330 குறளிலும் தேடுங்கள், கிடைக்காது.  ஆனால் என் வழக்கு வேறு. விஷயம் தெரிந்த சிலர் உண்மையான குறளையே போடுகிறார்கள்: நோய் எது, அதன் காரணம் எது, தணிக்கும் வழி எது என்று ஆராய்ந்து பிசகாமல் செய்யும்படி மருத்துவருக்குச் சொல்லும் 948-ஆம் குறள். குறள் சரிதான். அதற்கு முன்னால் இருக்கும் ஆறு குறளை ஏன் யாரும் பேனரில் போடுவதில்லை?

இந்தக் குறள்கள் இருக்கும் 95-ஆம் அதிகாரத்துக்குப் பெயர் ‘மருந்து’. பெயரை நம்பிச் சுக்கு, மிளகு, திப்பிலி தேடிப் போகிறவர் ஏமாந்து திரும்புவார். பத்துக் குறளில் ஒரு மூலிகையின் பெயர்கூடக் கிடையாது. வளி முதலான மூன்றும் மிகுந்தாலும் குறைந்தாலும் நோய் என்று முதல் குறள் தொடங்கி வைக்கிறது. கடைசி மூன்று குறள் வைத்தியருக்கும் வைத்தியத்துக்கும். இடையில் 942 முதல் 947 வரை சாப்பாடு, சாப்பாடு, சாப்பாடுதான். அதிலும் எதைச் சாப்பிடுவது என்பதில் மனிதர் அதிகம் அலட்டிக்கொள்ளவில்லை. உடம்புக்கு ஒத்துக்கொண்டால் சரி. முன்பு உண்டது செரித்ததா, பசிக்கிறதா, எவ்வளவு போதும் என்பவைதான் அவர் கேள்விகள். செரித்தது தெரிந்தபின் உண்ணச் சொல்வது அடுத்தடுத்து மூன்று குறளில் வருகிறது. ஏழு சீரில் உலகத்தை முடித்துவிடுகிறவர் ஒன்றையே மூன்று முறை சொன்னால், ஒருமுறை சொல்லி இவர்கள் கேட்கமாட்டார்கள் என்று தெரிந்துதான் சொல்லியிருக்க வேண்டும். வெறும் பசியும் அவருக்குப் போதவில்லை. ‘துவர’, அதாவது நன்றாக, பசிக்க வேண்டும். அளவு தெரியாமல் தின்பவனைப் பற்றிப் பேசும்போது ‘இரை’ என்ற சொல்லை எடுக்கிறார். விலங்குக்கும் பறவைக்கும் போடுகிற சொல். திட்டுவதற்கு இதைவிட நாகரிகமான வழி தமிழில் இருக்கிறதா என்று தெரியவில்லை. இன்று கையில் இருக்கும் பதிப்புகளில் 93 கள்ளுண்ணாமை, 94 சூது, 95 மருந்து. வரிசையை அமைத்தவர் யாராக இருந்தாலும், குடிக்கும் சூதாட்டத்துக்கும் அடுத்த திண்ணையில் சாப்பாட்டை உட்காரவைத்த கை விவரமான கை.

செரித்ததா, பசிக்கிறதா என்ற அந்தக் கேள்விகளை நம் கடிகாரத்திடம் கேட்டுப் பாருங்கள். காலை எட்டரைக்கு இட்லி, பதினொன்றுக்கு டீயும் பிஸ்கட்டும், ஒன்றரைக்குச் சாப்பாடு, நாலரைக்கு வடையோ பஜ்ஜியோ, ராத்திரி ஒன்பதுக்குத் தோசை. வயிறார உண்ட கட்டியான உணவு இரைப்பையை விட்டு இறங்கவே நாலு மணி நேரம் போல ஆகும். அப்படியானால் மேலே சொன்ன நாளில் வள்ளுவர் ‘அற்றது’ என்று சொல்லும் செரிமானச் சம்பவம் எப்போது நடந்தது? பசி என்பது பலருக்கு உடம்பு சொல்லும் சேதியாக இல்லை, அலுவலக இடைவேளையாகிவிட்டது. 2023-இல் வெளியான ஐசிஎம்ஆர்-இண்டியாப் (ICMR-INDIAB) ஆய்வு, நாட்டில் 10.1 கோடிப் பேருக்குச் சர்க்கரை நோய் என்றும், இன்னும் 13.6 கோடிப் பேர் அதன் வாசலில் நிற்கிறார்கள் என்றும் கணக்கிட்டது. பரம்பரை உண்டு, நாள் முழுக்க உட்கார்ந்து பார்க்கும் வேலை உண்டு; பழியை எல்லாம் வயிற்றின் மேல் போட முடியாது. பங்கு அதற்கும் இருக்கிறது. இதற்கிடையில் ‘வயிறு எண்பது சதவீதம் நிறைந்ததும் நிறுத்து’ என்ற ஜப்பான்காரர் சூத்திரம் வாட்ஸாப்பில் சக்கைப்போடு போடுகிறது. அளவோடு உண்ணச் சொல்லி ஜப்பானிய அறிஞர் கைபரா எக்கென் எண்பது வயதுக்கு மேல் 1713-இல் எழுதிய ‘யோஜோகுன்’ அருமையான நூல், குறை சொல்ல ஒன்றுமில்லை. உள்ளூர்க்காரர் அதற்குப் பல நூற்றாண்டு முன்பே சொல்லிவிட்டதை நாம் பேருந்தில் எழுதிவைத்துவிட்டு, ஜப்பானிலிருந்து இறக்குமதி செய்வதுதான் வேடிக்கை.

செரித்ததும் பசித்ததும் பார்த்துச் சாப்பிட்டால் செக்கப்பே வேண்டாமா என்று கேட்பீர்கள். வேண்டும். ரத்த அழுத்தமும் சர்க்கரையும் ஏறும்போது கதவைத் தட்டிவிட்டு வருவதில்லை. முப்பது வயது தாண்டியவர் பார்த்துக்கொள்ளத்தான் வேண்டும்; ஆரம்ப சுகாதார நிலையத்தில் காசில்லாமல் பார்க்கிறார்கள். 2021 ஆகஸ்டில் கிருஷ்ணகிரி மாவட்டம் சாமனப்பள்ளியில் தொடங்கிய ‘மக்களைத் தேடி மருத்துவம்’ என்ற அரசுத் திட்டம் மாத்திரையை வீட்டுக்கே கொண்டுவந்து தருகிறது. இன்சுலின் போடுகிறவரும் சர்க்கரை மாத்திரை விழுங்குகிறவரும் பசிக்கட்டும் என்று காத்திருந்தால் மயங்கி விழ நேரலாம். டாக்டர் சொன்ன நேரம்தான் அவர்களுக்கு வேதம். நோயாளி, நோய், காலம் மூன்றின் அளவையும் பார்த்துச் செய் என்று 949 சொல்வதும் இதைத்தான். சோதனைச் சீட்டு நோயைக் காட்டும். நோயின் காரணத்தைத் தேடச் சொன்ன குறளைப் பேனரில் போட்டுவிட்டு, அந்தக் காரணம் சாப்பாட்டு மேசையில் இருக்கலாம் என்பதை மட்டும் சொல்லாமல் விடுவது என்ன நியாயம்?

இன்னொரு ஆட்சேபம் கனமானது. அளவாகச் சாப்பிடு என்பது வயிறு நிறைந்தவனுக்குச் சொல்லும் புத்திமதி. 1876-78 தாது வருஷப் பஞ்சத்தைப் பார்த்த மண்ணில் அதைச் சொல்லலாமா? அடுத்த வேளை நிச்சயமில்லாதவன் இந்த வேளையை நிறையச் சாப்பிட்டான். விருந்தாளிக்கு மேலும் மேலும் போடுவதே அன்பு என்றானதும் அங்கிருந்துதான் வந்திருக்க வேண்டும். ஒப்புக்கொள்கிறேன். ஆனால் வள்ளுவர் இதை மறந்தவரில்லை. பசியைத் தாங்கும் தவத்தைவிட அடுத்தவர் பசியைத் தீர்ப்பது பெரிது என்று ‘ஈகை’யில் எழுதியவரும் அவரே. உன் பசிக்குக் காத்திரு, பிறர் பசியைக் காக்கவைக்காதே. நாம் இதைத் தலைகீழாக்கிவிட்டோம். பசியோடு வாசலில் நிற்பவரிடம் பந்தி முடியட்டும் என்கிறோம். பந்தியில் வயிறு நிறைந்தவரிடம் ‘ஒரே ஒரு கரண்டி’ என்கிறோம். அவர் இலைக்கு மேல் கையைக் குறுக்கே நீட்டுகிறார். விரலிடுக்கு வழியாகப் பாயசம் இறங்குகிறது. ‘நான் ஊத்தினா வேண்டாங்கறீங்களா?’ என்ற கேள்விக்குப் பதில் எந்த உரையாசிரியரிடமும் இல்லை. இலையை மூடினால்தான் தப்பிக்கலாம். மூடிய பிறகும் ‘அதுக்குள்ள மூடிட்டீங்களே’ என்ற குறை வரும். ‘போதும்’ என்ற சொல்லை அகராதியில் வைத்திருக்கிறோம், பந்தியில் அதற்கு மரியாதை கிடையாது.

இன்னும் சில நாளில் சித்திரை. முகூர்த்த நாள்கள் வரிசையாக வருகின்றன. வாளியும் கரண்டியுமாகப் பந்தியில் நடக்கப்போகும் மாமாக்களுக்கும் மச்சான்களுக்கும் ஒரு விண்ணப்பம்: குறுக்கே கை நீண்டால், தயவுசெய்து அடுத்த இலைக்குப் போய்விடுங்கள்.