மிச்சம் வைத்தது ஒரு கண்ணாடி!



"டிப்ளமோ படிக்கிற உனக்குக் கவிதை எதுக்கு? கவிதையா சோறு போடும்?" என்று எங்கள் வகுப்பில் என்னைக் கேட்காதவர் இல்லை. அவர்களுக்கு என் பதில் ஒரு பெண்ணின் கதை.

பிரான்சிஸ் எலன் வாட்கின்ஸ் ஹார்ப்பர். 1825-ல் அமெரிக்காவின் பால்டிமோர் நகரில் கறுப்பினக் குடும்பத்தில் பிறந்தவர். அடிமையாகப் பிறக்கவில்லை, ஆனால் மூன்று வயதிலேயே அநாதை. உறவினர் ஒருவர் நடத்திய பள்ளியில் படித்தார். பதின்மூன்று வயது வாக்கில் ஒரு புத்தக வியாபாரி வீட்டுக்கு வேலைக்குப் போனார். வேலை முடிந்த நேரத்தில் அந்த வீட்டுப் புத்தகங்களை எல்லாம் படித்தார். 1854-ல் அவர் கவிதைத் தொகுதி வெளிவந்தது. அதே ஆண்டு அடிமைமுறையை எதிர்த்து மேடை ஏறினார். ஊர் ஊராகப் பேசிக்கொண்டே பத்திரிகைகளுக்குக் கவிதையும் கடிதமும் கட்டுரையும் எழுதினார்.

1860-ல் திருமணம். பேசியும் எழுதியும் சேர்த்த பணத்தை ஒஹாயோவில் பண்ணை நிலத்தில் போட்டார். வெண்ணெய் எடுத்துச் சந்தைக்கு விற்றார். 1864-ல் கணவர் கடனோடு இறந்தார். மூன்று மாதம் ஆகுமுன் பால் சட்டி, துணி துவைக்கும் தொட்டி வரை அள்ளிக்கொண்டு போனார்கள். மிச்சம் வைத்தது ஒரு முகம் பார்க்கும் கண்ணாடி!

இதைப் படித்தபோது எனக்குத் தொண்டை அடைத்தது. நான் ஏழாவது படிக்கும்போது எங்க வீட்டுக்கும் வந்தாங்க. அப்பா வாங்கிய கடன். அண்டாவோடு அம்மாவின் தையல் மிஷினையும் தூக்கினாங்க. "அது என் காசுல வாங்கினதுங்க" என்று அம்மா சொன்னதை ஒருத்தரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. நீட்டிய காகிதத்தில் அம்மா கைநாட்டு வைத்தது. நான் எழுத்துக் கூட்டி வாசித்தேன்; ஒன்றும் புரியவில்லை.

ஹார்ப்பர் சும்மா இருக்கவில்லை. 1866-ல் நியூயார்க்கில் நடந்த பெண்ணுரிமை மாநாட்டில் அந்தப் பால் சட்டிக் கதையைச் சொன்னார். இறந்தது நானாக இருந்தால் என் கணவருக்கு இந்த நிலை வந்திருக்குமா என்ற நியாயத்தை எடுத்து வைத்தார். டிராமிலும் ரயிலிலும் கறுப்பினப் பெண்களை அவமானப்படுத்துவதையும், அங்கிருந்த வெள்ளைக்காரப் பெண்கள் முகத்துக்கு நேரே சொன்னார். வீட்டுக்குள் அழுது முடிகிற விஷயத்தை ஊரறியப் பேசும் விஷயமாக்கினார். எழுத்தின் வேலை இதுதான் என்பது என் கருத்து.

நண்பர்களே! நம்மில் பலர் வீட்டில் முதல் படிப்பு. சர்க்யூட் வரையக் கற்றோம், நல்லது. வீட்டுக்கு வரும் நோட்டீசைப் படித்து, நாலு வரி பதில் எழுதக் கற்றோமா? பக்கத்து வீட்டு அக்காவுக்கு ஒரு மனு எழுதித் தந்தோமா? வேலைக்காக மட்டும் படித்தால் நம் வயிறு நிறையும். எழுதவும் பேசவும் படித்தால் நம் தெருவுக்கே வாய் வரும்.

இப்போதெல்லாம் யாராவது காகிதத்தோடு வந்தால் அம்மா கைநாட்டு வைப்பதில்லை. "இருங்க, எம் பொண்ணு வரட்டும். அது படிச்சுப் பார்க்கும்" என்கிறது.

— மின்னணுவியல் துறை, இரண்டாம் ஆண்டு மாணவி