தேடி வரும் வலை

தங்கள் பெயருக்கு ஒரு பொதி வந்திருக்கின்றது, முகவரி சரியில்லை, கீழேயுள்ள இணைப்பை அழுத்தித் திருத்துக என்று, தபால் திணைக்களத்தின் பெயரால் குறுஞ்செய்திகள் நாடெங்கும் உலாவின. அவை மோசடி என்று அத்திணைக்களமே மக்களை எச்சரிக்க நேர்ந்தது. அவ்விணைப்பின் அப்பால் இருப்பது தபால் கந்தோர் அன்று. வங்கி அட்டையின் இலக்கங்களைக் கவரக் காத்திருக்கும் கள்வனே!

கண்டி நகரிலும், கலஹா, தெல்தோட்டை, புசல்லாவைத் தோட்டங்களிலும், கடல் கடந்து உழைக்கும் தாயின் பொதியை எதிர்பார்த்திருக்கும் குடும்பங்கள் பல. அந்த எதிர்பார்ப்பே மோசக்காரனின் மூலதனம்.

ஏமாந்தவர்களை அறிவிலிகள் என்று பழிப்போர் உளர். அவர்களை நாம் ஒன்று கேட்கின்றோம். 2023 ஆகஸ்டில் அரசாங்கத்தின் மின்னஞ்சல் தொகுதியே தாக்குண்டு, ஏறத்தாழ ஐயாயிரம் முகவரிகளின் மூன்று மாதத்துக்கும் மேற்பட்ட கடிதங்கள் மீட்க வழியின்றி அழிந்தனவே, அது யாருடைய அறியாமை? பழைய மென்பொருளைப் புதுப்பிக்காமலும், அக்காலத்துக் கடிதங்களுக்குப் பிரதி வைக்காமலும் இருந்தவர்கள் தோட்டத் தொழிலாளர்கள் அல்லரே!

கோப்பின் பெயரும் ஒரு வேடமே. 2000 மே மாதத்தில் பிலிப்பைன்ஸிலிருந்து புறப்பட்டு உலகெங்கும் கணினிகளைப் பாழாக்கிய நச்சு நிரல், காதற் கடிதம் என்ற பெயருடனேயே சென்றது. எழுத்துக் கோப்புப் போலத் தோன்றிய அதன் பெயரின் உண்மையான வால், பலருடைய திரையில் மறைந்திருந்தது. இன்றும் பழைய வினாத்தாள் தேடும் மாணவன், எழுத்தும் இலக்கமும் கலந்த விளங்காத பெயர்களைப் பின்தொடர்ந்து செல்கின்றான். வினாத்தாளோ திருமண அழைப்போ ‘ஏ.பி.கே.’ அல்லது ‘இ.எக்ஸ்.இ.’ என்று முடியுமாயின், அது வாசிக்கும் தாள் அன்று. கருவிக்குள் குடிபுகும் நிரல். அதைத் திறவாது அழித்துவிடுவதே அறிவுடைமை.

நாம் கைக்கொள்ள வேண்டிய விதி ஒன்றே: தேடி வந்த வாசல் வழியே நுழையாதீர்; அறிந்த வாசலுக்கு நீரே செல்லுக. பொதியைப் பற்றி ஐயமெனின் தபால் கந்தோரில் கேளுங்கள். அரசாங்கத் தளத்தின் முகவரி ‘கவ் டொட் எல்கே’ என்று முடிய வேண்டும். அச்சொல் முகவரியின் தொடக்கத்தில் மட்டும் நின்று, அதன்பின் வேறொரு பெயர் தொடருமாயின் அது போலி. வங்கி அனுப்பும் ஒருமுறைக் குறியீட்டை எவர் கேட்பினும் கொடாதீர். தவறி அழுத்திவிட்டால் வெட்கி மறைக்காது, அட்டையின் பின்புறத்திலுள்ள இலக்கத்தில் வங்கியை உடனே அழைத்து அட்டையை முடக்குக. கணினி அவசரப் பிரிவையும் 101 என்ற இலக்கத்தில் அழைக்கலாம்.

ஆயினும், மக்கள் விழிப்பாயிருந்தால் போதும் என்று அரசாங்கம் கைகழுவிவிட முடியாது. கணினிக் குற்றச் சட்டம் 2007இலேயே நிறைவேறியது. தமிழ் 1987இலேயே ஆட்சிமொழியாயிற்று. இவ்விரண்டும் ஏட்டில் உறங்குவதற்கோ இயற்றப்பட்டன? புதிய மோசடி பற்றிய எச்சரிக்கை சிங்களத்திலும் தமிழிலும் ஒரே நாளில் வெளிவர வேண்டும். அது தோட்டப் பாடசாலையிலும் உபதபால் கந்தோரிலும் ஒட்டப்பட வேண்டும். பணத்தை இழந்த தொழிலாளி, அருகிலுள்ள பொலிஸ் நிலையத்தில் தன் மொழியிலேயே முறைப்பாடு செய்ய வழி வேண்டும்.

கள்வன் தமிழ் மக்களின் கைக்கே வந்து சேர்கின்றான். அவனைப் பற்றிய எச்சரிக்கையும் அவ்வாறே வந்து சேர வேண்டும் எனக் கோருவது சலுகை அன்று, உரிமை!