கத்துவது ரேடியோ அல்ல, நம் வீடு



போன வாரம் சிதம்பரத்திலிருந்து கடலூர் வந்திருந்த அண்ணன் மகன், என் மேசை மேல் இருந்த ரேடியோவைப் பார்த்து, "சித்தப்பா, கரகரன்னு கத்துதே, பழைய சாமான்காரன்கிட்ட போட வேண்டியதுதானே?" என்றான். உங்களில் பலர் வீட்டு ரேடியோவும் இப்படித்தான் பரணுக்குப் போனது. ஆகவே பதிலை எல்லோருக்குமாகச் சொல்கிறேன்.

சுவிட்சைத் தட்டினால் 'டப்'. மிக்ஸி ஓடினால் 'கர்ர்'. வாசலில் பைக் போனால் 'படபட'. எல்லாம் மின்பொறி செய்யும் வேலை. ஒரு பொறி கண் இமைப்பதைவிடக் குறைந்த நேரமே இருக்கும். ஆனால் அவ்வளவு குறுகிய துடிப்பு ஒரே அலைவரிசையில் நிற்காது, எங்கும் சிதறும். சென்னை 720-லிருந்து திருச்சி 936-க்குத் திருப்பினாலும் கூடவே வருவது அதனால்தான். எலக்ட்ரானிக் ஃபேன் ரெகுலேட்டரைக் குறைத்து வைத்தால், அது மின்சாரத்தை வினாடிக்கு 100 முறை வெட்டுகிறது. விடாமல் வரும் 'ர்ர்ர்' அதுதான்.

"நல்ல ரேடியோ வாங்கினால் போச்சு" என்பீர்கள். துடிப்பு வரும் கணத்தில் மட்டும் ரேடியோவின் வாயை மூடும் முறையை அமெரிக்காவில் ஜேம்ஸ் லாம்ப் 1936-லேயே வெளியிட்டார். ஆனால் ரேடியோவின் குறுகிய வடிகட்டிக்கு முன்பே வாயை மூட வேண்டும். குளத்தில் கல் விழுவது ஒரு கணம், அலை அடங்க எவ்வளவு நேரம்? வடிகட்டிக்குள் போன துடிப்பும் அப்படித்தான் நீண்டுவிடும். பிறகு வெட்டினால் பேச்சும் சேர்ந்து போகும். அதுவும் வீட்டில் பத்து இடத்தில் பொறி பறந்தால், எத்தனை முறைதான் வாயை மூடும்?

"எஃப்.எம். இருக்கே" என்பீர்கள். உண்மை, அதில் இந்த இரைச்சல் குறைவு. ஆனால் எஃப்.எம். எட்டும் தூரமும் குறைவு. கடலுக்குள் வெகுதூரம் போனவருக்கு மத்திய அலைதான் துணை.

2011 டிசம்பர் 30 காலை 'தானே' புயல் கரையைக் கடந்தது நினைவிருக்கிறதா? கரண்ட் இல்லை, செல்போன் இல்லை. அதுவரை கரகரத்த என் ரேடியோ கரண்ட் போனதும் தெளிவாகப் பேசியது. குற்றவாளி யார் என்று அன்றே எனக்குப் புரிந்தது. எங்கள் தெருவில் ரேடியோவைத் தூக்கிப் போட்டவர்களும் அன்று என் திண்ணைக்குத்தான் செய்தி கேட்க வந்தார்கள்.

சிறு செலவில் வைக்கக்கூடிய சோக், கெப்பாசிட்டரை விட்டுவிட்டு பல்பும் சார்ஜரும் செய்து விற்பவர்கள் மேல் எனக்குக் கோபம் உண்டு. விலையை மட்டும் கேட்டு வாங்கும் நம் மேலும் உண்டு.

இன்று வீட்டுப்பாடம்: ரேடியோவைப் பேட்டரியில் ஓட விடுங்கள். பல்பு, சார்ஜர், ஃபேன் என ஒவ்வொன்றாக அணையுங்கள். எதை அணைத்தால் இரைச்சல் அடங்குகிறதோ அதை மாற்றுங்கள். பிறகு ரேடியோவை மெதுவாகச் சுற்றிப் பாருங்கள். உள்ளே இருக்கும் ஃபெரைட் கம்பியின் முனை இரைச்சல் வரும் பக்கம் நோக்கினால் சத்தம் குறையும். நிலையமும் அதே திசையில் இருந்தால் ரேடியோவை வேறு அறைக்குக் கொண்டுபோங்கள்.

ஐப்பசி, கார்த்திகை வருவதற்குள் செய்து முடியுங்கள். விடைத்தாளை இங்கேயே கீழே எழுதுங்கள், திருத்துகிறேன்.